முறைப்பான் விளக்கு

காலையில் மாவு ஆலையின் சலிப்புக் கூடத்துக்குள் நுழைந்தால் கண் கூசும். மதியம் நுழைந்தால் எதிரே நிற்பவனின் மூக்கு தெரியாது. அதே விளக்குகள், அதே பூச்சிகள், அதே ஆட்கள். மதியம் அணைந்துபோன விளக்குக் குடுவைகளைப் பூச்சிக்காரி கழற்றித் தன் அறைக்குக் கொண்டுபோய்ப் பலகையில் வைத்தால், சாப்பிட்டுக் கை கழுவுவதற்குள் அவை பழையபடி ஒளிர ஆரம்பித்துவிடும். திரும்பக் கூடத்தில் மாட்டினால் கொஞ்ச நேரம் வெறி பிடித்த மாதிரி வெளிச்சம் கொட்டும், அப்புறம் பொசுக்கென்று போய்விடும். ஏன் என்று பூச்சிக்காரிக்குப் புரியவில்லை. புரியாத விஷயம் எதுவானாலும் அவளுக்குக் கோபம்தான் வரும்.

பூச்சிக்காரி என்பது ஆலையில் வைத்த பெயர். மாவு ஆலைக்கு எதற்குப் பூச்சி என்று கேட்கலாம். சலிப்புக் கூடத்துக்கு ஜன்னல் கிடையாது. காற்றடித்தால் மாவு பறக்கும், ஈரம் பட்டால் கட்டி தட்டும் என்று நாலு பக்கமும் சுவரை எழுப்பி மூடிவிட்டார்கள். பட்டப்பகலிலும் விளக்கு வேண்டும். அந்த விளக்கு நெருப்பாக இருக்கக் கூடாது. மூட்டையில் கிடக்கும் மாவில் கொள்ளிக்கட்டையைச் செருகினால் கட்டைதான் அணையும். அதே மாவு தூசியாகக் காற்றில் மிதந்தால் கதை வேறு. ஒவ்வொரு துகளைச் சுற்றியும் காற்று இருக்கிறது, ஒன்று பற்றினால் அடுத்தது பற்றும், இமை மூடித் திறப்பதற்குள் அறை முழுக்க நெருப்பாகிக் கூரையைப் பிய்த்துக்கொண்டு போகும். அதனால் அந்தக் கூடத்தில் ஒளிர்வது முறைப்பான்.

முறைப்பான் கட்டைவிரல் நகத்தளவு வண்டு. தலையில் பாதிக்கு மேல் கண்தான். வயிற்றடியில் ஒரு சின்னப் பை, வெளிச்சம் அதிலிருந்து வருகிறது. தொட்டால் சுடாது, ஜில்லென்று இருக்கும். தனியாக விட்டால் முறைப்பான் ஒளிராது, காலை மடக்கிக்கொண்டு தூங்கும். எதிரே இன்னொரு முறைப்பான் வந்து நின்றால் போதும், வயிற்றைத் தூக்கிப் பளீரென்று காட்டும். எதிராளியும் காட்டும். கடிப்பதில்லை, இடிப்பதில்லை, சண்டை முழுக்க வெளிச்சத்தில்தான். இவன் கூட்டினால் அவன் கூட்டுவான். கடைசியில் எவனுக்குப் பை தளர்கிறதோ அவன் அணைந்து முகத்தைத் திருப்பிக்கொள்வான். ஜெயித்தவனும் உடனே அணைந்துவிடுவான். முறைப்பதற்குத்தான் ஆள் இல்லையே. அதற்குள் பக்கத்தில் வேறு இரண்டு பேர் ஆரம்பித்திருப்பார்கள். ஒரு கண்ணாடிக் குடுவைக்குள் ஒரு கைப்பிடி முறைப்பான்களை விட்டு, பழுத்த பழத்தின் சாறில் நனைத்த பஞ்சைத் தொங்கவிட்டால், சண்டை ஆளுக்கு ஆள் கைமாறிச் சுற்றிக்கொண்டே இருக்கும். இரண்டு பேர் முறைக்க, மற்றவர்கள் ஓய்வெடுக்க, வெளியிலிருந்து பார்க்கிறவர்களுக்கு ஒரே சீரான வெந்தய நிற வெளிச்சம். கூட்டுக் குடும்பமும் இப்படித்தான் நடக்கிறது என்பாள் பூச்சிக்காரி.

அவளுடைய குடும்பத்தில் மூன்றே பேர். அவள், அவள் தம்பி, தம்பி பெண்டாட்டி. மூவரும் அந்த ஆலையில்தான். தம்பி சலிப்புக் கூடத்தில் சல்லடைக்காரன். தம்பி பெண்டாட்டி குடுவைகளைக் கழுவுவாள், விளக்குகளுக்குப் பின்னால் சுவரில் தொங்கும் தகரத் தகடுகளைத் துடைப்பாள். பூச்சிக்காரியின் புருஷன் இல்லை. பழைய கூடத்தில் லாந்தர் மாட்டியிருந்த காலத்தில் அவன் அங்கே வேலை பார்த்தான். காற்றுப் புகாத லாந்தர், கெட்டிக் கண்ணாடி, ஒன்றும் ஆகாது என்று சொல்லித்தான் மாட்டினார்கள். அதில் ஒரு கண்ணாடி விரிசல் விட்டிருந்தது. பழைய கூடம் இருந்த இடத்தில் இப்போது காலி மூட்டைகள் அடுக்கிக் கிடக்கின்றன. முதலாளி வீட்டுக்கு வந்து விதி என்றார். விளக்கு என்று அவர் வாயிலிருந்து வரவில்லை. அன்றைக்கு அவளுக்குள் ஏறிய சூடு இன்றுவரை இறங்கவில்லை.

முந்தின நாள் மதியம் விளக்குகள் அணைந்தபோது தம்பியின் சட்டைக் கை சல்லடையை ஆட்டும் பட்டையில் மாட்டிக்கொண்டது. சட்டை கிழிந்ததால் கை தப்பியது. முழங்கையிலிருந்து மணிக்கட்டு வரை தோல் உரிந்துவிட்டது. இன்று காலை மேஸ்திரி பூச்சி அறைக்கு வந்து, வாசலிலேயே நின்று சொன்னான்.

"பூச்சிக்காரம்மா, சாயங்கால வேலைக்கு லாந்தர் மாட்டச் சொல்லிட்டார் முதலாளி."

அவள் பஞ்சைப் பிழிந்துகொண்டிருந்தாள். பிழிந்த கை அப்படியே நின்றது.

"எங்க மாட்ட?"

"எங்கன்னா? சலிப்புக் கூடத்துலதான்."

"உனக்கு அறிவு இருக்கா மேஸ்திரி?"

"அதை முதலாளிகிட்டக் கேளு. உன் பூச்சி ஒழுங்கா வேலை செஞ்சா நான் எதுக்கு லாந்தரைத் தூக்கறேன்? உன் தம்பி கைதானே உரிஞ்சது? நாளைக்கு இன்னொருத்தன் கையே போகும். அப்ப யார் பதில் சொல்றது?"

"கை போறதுக்குப் பயந்து எல்லாரையும் சுட்டுச் சாம்பலாக்கறியா?"

"இது புது மாதிரி லாந்தராம். காத்துப் புகாதாம்."

பிழிந்த பஞ்சு அவன் காலடியில் வந்து சொத்தென்று விழுந்தது. "போன தடவையும் இதையேதான்டா சொன்னீங்க!" என்று அவள் போட்ட சத்தத்தில் பலகையில் இருந்த முறைப்பான்கள்கூட ஒரு நொடி அணைந்தன. மேஸ்திரி ஒரு அடி பின்வாங்கினான். அவனும் பழைய கூடம் வெடித்துத் தூக்கிப் போட்டதில் ஒரு காது கேட்காமல் போனவன்தான். அதனால் அவளுக்கு அவன்மேல் இரட்டைக் கோபம்.

"சாயங்காலம் வரைக்கும் டைம் இருக்கு," என்று கேட்கும் காதைத் தடவிக்கொண்டே சொன்னான். "விளக்கு நின்னு எரியட்டும், நானே லாந்தரைத் திருப்பிக் கொண்டுபோயிடறேன். எனக்கு மட்டும் ஆசையா?"

அவன் போனபிறகு அவள் நின்ற இடத்திலேயே நின்று யோசித்தாள். யோசிக்காமல் இருந்ததே இல்லை. பசியோ என்று பஞ்சைக் காலையில் ஒன்றும் முற்பகலில் ஒன்றுமாக மாற்றிப் பார்த்தாகிவிட்டது. சாறு சொட்டச் சொட்ட இருக்கும்போதே அணைகின்றன. கூடத்துச் சூடு தாங்கவில்லையோ என்று அவித்துக் காயவைத்த தானியம் கொட்டும் அறையில், இன்னும் சூடான இடத்தில், ஒரு குடுவையைத் தொங்கவிட்டாள். பொழுது சாயும்வரை ஒளிர்ந்தது. எந்திரத்தின் அதிர்வோ என்றால், அரைக்கும் கல்லுக்குப் பக்கத்திலேயே ஒரு குடுவை இருக்கிறது, பல் ஆடுகிற மாதிரி ஆடிக்கொண்டே கருத்தாக வெளிச்சம் தருகிறது. மாவுத்தூசி மூச்சை அடைக்கிறதோ என்று மூடியின் ஓட்டைகளுக்கு மெல்லிய துணி கட்டினாள். துணியும் வெள்ளையானது, விளக்கும் அணைந்தது. தம்பியின் கணக்குப்படி பூச்சிக்கு வயதாகிவிட்டதாம். போன வாரம் பிடித்துவந்த இளவட்டங்களைப் போட்டாள். அவை இன்னும் சீக்கிரம் அணைந்தன.

இத்தனையும் இல்லை என்றால் மிச்சம் இருப்பது மனுஷக் கை. குடுவையைத் தொடுகிற கை அவளுடையதைத் தவிர ஒன்றுதான்.

மதிய இடைவேளைக்கு மணி அடித்ததும் அவள் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு கூடத்துக்குப் போனாள். எந்திரம் நின்றிருந்தது. விளக்குகளில் பாதி அணைந்துவிட்டன, மீதி அணைகிற நிலையில். தம்பி ஒரு மூட்டைமேல் உட்கார்ந்து கட்டுப்போட்ட கையை மடியில் வைத்துக்கொண்டு மறு கையால் சாப்பிட்டுக்கொண்டிருந்தான். அவன் பெண்டாட்டி முக்காலிமேல் ஏறி, சாம்பல் தொட்ட துணியால் ஒரு தகட்டைத் தேய்த்துக்கொண்டிருந்தாள்.

தகடுகள் வந்த கதையைச் சொல்ல வேண்டும். வெந்தய நிற வெளிச்சம் நடமாடப் போதும், சல்லடைக் கண்ணில் உமி சிக்கியிருக்கிறதா என்று பார்க்கப் போதாது. தம்பி புலம்பிக்கொண்டே இருந்ததால் பூச்சிக்காரி முதலாளியிடம் போய்ச் சண்டை போட்டாள். வேண்டா வெறுப்பாக அவர் பழைய தகரப் பீப்பாய்களை வெட்டித் தட்டையாக்கிச் சலிப்புக் கூடத்துக்கு மட்டும் கொடுத்தார். ஒவ்வொன்றும் ஒரு முழ உயரம். கீழ் விளிம்பு சுவரிலிருக்கும் மரச்சட்டத்தின் காடிப் பள்ளத்தில் உட்காரும், மேலே கயிறு போட்டு ஆணியில் இறுக்கிக் கட்டியிருக்கும். அதற்கு எதிரே சுவரிலிருந்து ஒன்றரை முழம் தள்ளி இரும்புக் கொக்கியில் குடுவை. பின்னால் வீணாகப் போகிற வெளிச்சத்தைத் தகடு முன்னால் திருப்பி அனுப்பும். வந்த புதிதில் தகடுகள் துருவும் பூச்சுமாக மங்கிக் கிடந்தன. தம்பி பெண்டாட்டி விடாமல் தேய்த்துத் தேய்த்து இப்போது தலை வாரிக்கொள்ளலாம் போல ஆக்கியிருந்தாள். வெளிச்சம் குறையக் குறைய அவள் இன்னும் அழுத்தித் தேய்த்தாள். அது அவளால் முடிந்த வைத்தியம்.

"குடுவையைக் கழுவற தண்ணியில என்னத்தைக் கலக்கற?" என்று ஆரம்பித்தாள் பூச்சிக்காரி.

முக்காலிமேல் நின்றவள் திரும்பவில்லை. "சாப்பிட்டீங்களா அண்ணி?"

"கேட்டதுக்குப் பதில் சொல்லு."

"தண்ணியில தண்ணியைத்தான் கலக்கறேன்."

தம்பிக்குச் சிரிப்பு வந்து புரையேறியது. அக்கா பார்த்த பார்வையில் சிரிப்பு உள்ளே போய்விட்டது.

"சோப்பு போடறியா? சாம்பல் கையோடவே குடுவையைத் தொடறியா? சாம்பல் பட்டா பூச்சி கருகும், தெரியுமா உனக்கு?"

"சாம்பல் தகட்டுக்கு. குடுவைக்கு வெறும் கை. நீங்க சொல்லிக் குடுத்த மாதிரிதான். கல்யாணமாகி வந்த நாள்லேர்ந்து நீங்க சொன்னதைத்தான் செய்யறேன், வீட்லயும் இங்கயும்."

"அப்ப நான் சொன்னதுதான் தப்பா?"

"நான் அப்படிச் சொன்னேனா? நீங்களா எடுத்துப் போட்டுக்கிட்டா நான் என்ன பண்ண?"

"அக்கா," என்றான் தம்பி. "அவளை ஏன் வையற? அவ கை பாரு, தேய்ச்சுத் தேய்ச்சு வெடிச்சுக் கிடக்கு."

"நீ வாயை மூடு. உன் கைக்காகத்தான் நான் இங்க நிக்கறேன். சாயங்காலம் லாந்தர் வருது. தெரியுமா உனக்கு? தெரிஞ்சும் உக்காந்து சோத்தைத் தின்னுட்டிருக்கியா?"

அவன் கை பாதியில் நின்றது. "லாந்தரா? இங்கயா?"

முக்காலிமேல் இருந்தவள் இப்போதுதான் திரும்பினாள். அவள் முகத்தில் மாவும் சாம்பலும் கலந்து அப்பியிருந்தது. "அண்ணி, நிஜமாவா? இவர் இங்கதானே நிப்பார்?"

"பின்ன எங்க நிப்பான்? அதுக்குத்தான் கேக்கறேன், என்ன பண்ணித் தொலைச்சேன்னு!"

"நான் ஒண்ணும் பண்ணலை!" என்று கத்தினாள் தம்பி பெண்டாட்டி. அவள் கத்தி அந்த வீட்டில் யாரும் கேட்டதில்லை. "எப்பப் பாரு என்மேலயே விழறீங்க. உங்களுக்குப் புரியலைன்னா அது என் தப்பா? உங்க பூச்சி, உங்க பஞ்சு, உங்க மூடி. நான் தேய்க்கறவ. தேய்ச்சுட்டேன். பாருங்க, இதுக்கு மேல தேய்க்க இதுல தகரமே இல்லை!"

பூச்சிக்காரியின் கைக்குப் பக்கத்தில் சாம்பல் தண்ணீர் வைத்த குவளை இருந்தது. எடுத்து வீசினாள். தம்பி பெண்டாட்டியைப் பார்த்து வீசவில்லை, அவ்வளவு தூரம் அவள் போய்விடவில்லை. கூடத்தின் கடைசி மூலையைப் பார்த்து வீசினாள். குவளை அங்கே ஒரு தகட்டின் உச்சியில் போய் ணங்கென்று மோதியது. மேலே கட்டிய கயிற்றின் முடிச்சு நழுவி, தகடு முன்பக்கம் சாய்ந்து, மிச்சக் கயிற்றில் சட்டென்று நின்றது. எதிரே தொங்கிய குடுவையைத் தொடவில்லை.

தம்பி பெண்டாட்டி முக்காலியிலிருந்து இறங்கி, துணியைப் பிழிந்து உதறிப் போட்டுவிட்டு வெளியே போனாள். தம்பி எழுந்து நின்றான். "உனக்குக் கோபம் வந்தா கண்ணு தெரியாது அக்கா," என்று சொல்லிவிட்டு அவள் பின்னாலேயே போனான்.

பூச்சிக்காரி தம்பி விட்டுப்போன மூட்டையில் உட்கார்ந்தாள். மிச்சமிருந்த விளக்குகளும் ஒவ்வொன்றாக அணைந்தன. அழுகை வரும் என்று பார்த்தாள், வரவில்லை. முதலாளிமேல் கோபம், மேஸ்திரிமேல் கோபம், பதில் பேசக் கற்றுக்கொண்டுவிட்ட தம்பி பெண்டாட்டிமேல் கோபம், வாயில்லாத வண்டுகள்மேலும் கோபம். செத்துப்போனவன்மேல்கூடக் கொஞ்சம் இருந்தது, லாந்தரில் விரிசலைப் பார்த்துவிட்டும் வேலைக்குப் போனானே என்று. இருட்டில் உட்கார்ந்து ஒவ்வொருவரையும் மனசுக்குள் நிற்கவைத்து வைதாள். வைதுமுடித்துத் தலையைத் தூக்கியபோது தன் கை தனக்குத் தெரிவதைக் கவனித்தாள்.

கூடத்தின் கடைசி மூலையிலிருந்து வெந்தய நிறத்தில் வெளிச்சம் வந்துகொண்டிருந்தது.

ஒரே ஒரு குடுவை. சாய்ந்த தகட்டுக்கு எதிரே இருப்பது. அதன் வெளிச்சம் தகட்டில் பட்டுத் தரையில் விழுந்து, கீழேயிருந்த சல்லடையின் ஒவ்வொரு கண்ணையும் காட்டிக்கொண்டிருந்தது.

முதலில் அதற்கும் கோபம்தான் வந்தது. "டேய்!" என்று வாசலைப் பார்த்துக் கத்தினாள். "இந்தக் குடுவையில யார்டா பூச்சியை மாத்தினது?"

தம்பி எட்டிப் பார்த்தான். "யாரும் தொடலை அக்கா. நாங்கதான் வெளிய இருக்கோமே. நீதான் உள்ள இருக்க."

அவள் முக்காலியை இழுத்துப்போய் அதன்மேல் ஏறினாள். குடுவையை உற்றுப் பார்த்தாள். பூச்சிகள் எப்போதும்போல இரண்டு இரண்டாக முறைத்துக்கொண்டு, தோற்றுத் திரும்பி, ஓய்வெடுத்து, அடுத்தவனிடம் போய்க்கொண்டிருந்தன. அதே பூச்சி, அதே பஞ்சு, அதே தூசி. எது வேறு? தகடு வேறு. தகடு சாய்ந்திருக்கிறது. தகடு சாய்ந்தால் பூச்சிக்கு என்ன?

குடுவையைக் கொக்கியிலிருந்து கழற்றித் தம்பி கையில் கொடுத்தாள். அது இருந்த இடத்தில் தன் தலையைக் கொண்டுபோய் வைத்துத் தகட்டைப் பார்த்தாள். தகட்டுக்குள் தரை தெரிந்தது. சல்லடை தெரிந்தது. தம்பியின் செருப்பு தெரிந்தது. அவள் தெரியவில்லை.

இறங்கினாள். முக்காலியைப் பக்கத்து விளக்கடிக்குத் தள்ளி ஏறினாள். அங்கே தகடு நேராக நின்றது. அணைந்த குடுவையைக் கழற்றிக் கொடுத்துவிட்டு அது இருந்த இடத்தில் தலையை வைத்தாள். தம்பி கையிலிருந்த குடுவையின் வெளிச்சத்தில், எதிரே ஒரு பெண் பற்களைக் கடித்துக்கொண்டு அவளை முறைத்தாள். நெற்றியில் மாவு, புருவம் நெரிந்து ஒன்றாகியிருந்தது. பூச்சிக்காரி இன்னும் கொஞ்சம் முறைத்தாள். அவளும் இன்னும் கொஞ்சம் முறைத்தாள். இருவரில் யாரும் கண்ணை எடுக்கவில்லை.

"இவ எப்பத் தோப்பா?" என்றாள் பூச்சிக்காரி.

"யாரு?"

"தோக்கவே மாட்டாடா. நான் நிறுத்தற வரைக்கும் இவ நிறுத்த மாட்டா." முக்காலிமேலிருந்தே கையை நீட்டினாள். "அந்தக் குடுவையைக் குடு. வெளிச்சமா இருக்கறதை. சீக்கிரம்!"

நன்றாக ஒளிர்ந்த குடுவையை நேர்த் தகட்டின் முன்னால் மாட்டினாள். கண் கூசும் என்று தெரிந்ததால் தம்பி பெண்டாட்டியின் துணியை ஒற்றையாகப் பிரித்து முகத்துக்கு முன்னால் பிடித்து, அதன் வழியே பார்த்தாள். முதலில் ஒரு பூச்சி தகட்டுப் பக்கம் திரும்பியது. அப்புறம் இன்னொன்று. கொஞ்ச நேரத்தில் குடுவையில் இருந்த அத்தனையும் ஒன்றின் முகத்தை ஒன்று பார்ப்பதை விட்டுவிட்டுத் தகட்டுப் பக்கக் கண்ணாடியில் வரிசைகட்டி நின்றன. வயிறுகள் உயர்ந்தன. வெந்தய நிறம் போய் வெள்ளையாகக் கொட்டியது. எதிராளி கூட்டுகிறான், இவன் கூட்டுகிறான், எதிராளி இன்னும் கூட்டுகிறான். யாருக்கும் ஓய்வு இல்லை, தோற்கிறவன் இல்லாததால் ஜெயிக்கிறவனும் இல்லை. தினமும் காலையில் எல்லோரும் கண்ணை மூடிக்கொண்டு ஆகா என்ன வெளிச்சம் என்றது இதைத்தான். நேராகப் பார்க்க முடியாததால் யாரும் பார்க்கவில்லை. அவள் பார்த்துக்கொண்டே இருந்தாள். ஏற்கெனவே பாதி களைத்த பூச்சிகள் அதிக நேரம் தாங்கவில்லை. பைகள் உரித்த பட்டாணித் தோல் மாதிரி சுருங்க, மொத்தக் குடுவையும் பொசுக்கென்று அணைந்தது.

இருட்டில் அவள் சிரித்த சத்தம் கேட்டது. சந்தோஷச் சிரிப்பு இல்லை அது. "துரு இருந்தவரைக்கும் நல்லா இருந்துச்சு," என்றாள். "மங்கல் தகட்டுல முகம் தெரியாது. வெளிச்சம் மட்டும் திரும்பும். முகம் தெரிய ஆரம்பிச்சதுலேர்ந்துதான் வினை. அணையுதுன்னு உன் பெண்டாட்டி தேய்ச்சா. தேய்ச்சதால அணைஞ்சுது. அணைஞ்சதுன்னு இன்னும் தேய்ச்சா."

வாசலில் தம்பி பெண்டாட்டி நின்றிருந்தாள். எப்போது வந்தாள் என்று தெரியவில்லை. "அப்ப நான்தான் காரணமா?" என்றாள். குரல் இறங்கியிருந்தது.

"நீ தேய்ச்சது தப்பில்லை. தகடு கேட்டுச் சண்டை போட்டவ நான். நேரா மாட்டச் சொன்னவ நான். அங்க நின்னு அழாதே, வந்து கயித்தை அவுரு."

"நான் அழலை. மாவு கண்ணுல விழுந்துடுச்சு."

"சரி, மாவு. வா."

அணைந்த குடுவைகளை எல்லாம் தூக்கிக்கொண்டுபோய்ப் பூச்சி அறைப் பலகையில் ஓய்வுக்கு வைத்தார்கள். அவை ஓய்ந்து எழுவதற்குள் கூடத்தில் முடிச்சுகளை அவிழ்த்துக் கயிற்றை நீட்ட வேண்டும். எவ்வளவு நீட்டுவது என்பதில் மறுபடி சண்டை. இரண்டு விரல் சாய்த்தால் போதும் என்றான் தம்பி. பூச்சிக்காரி குடுவை இடத்தில் தலையை வைத்துப் பார்த்து, நெற்றி தெரிகிறது என்றாள். இன்னும் விட்டார்கள். உச்சி தெரிந்தது. "பூச்சிக்கு உச்சி தெரிஞ்சா என்ன போச்சு?" என்றான். "நீ உன் உச்சியைப் பார்த்து முறைப்பியா மாட்டியா?" என்றாள். "எனக்கு உச்சியில மயிரே இல்லையே அக்கா, நான் எதைப் பார்த்து முறைக்க?" என்றான். தம்பி பெண்டாட்டி களுக்கென்று சிரித்து உடனே நிறுத்திக்கொண்டாள். ஒரு சாண் வந்தபோது தகட்டில் தரையைத் தவிர ஒன்றும் இல்லை. குடுவைக்குள் பூச்சி மேலே ஏறினாலும் கீழே இறங்கினாலும் தெரியாமல் இருக்கிறதா என்று தலையை ஏற்றியும் இறக்கியும் பார்த்தாள். தெரியவில்லை.

கடைசிக் குடுவையை மாட்டும்போது மேஸ்திரி இரண்டு ஆட்களோடு வந்தான். ஆளுக்கு இரண்டு லாந்தர். எண்ணெய் நிரப்பியிருந்தது, வாடை முன்னாலேயே வந்துவிட்டது. அந்த வாடை மூக்கில் ஏறியதும் பூச்சிக்காரி முக்காலியிலிருந்து குதித்துப்போய் வாசலை மறித்துக் கையை விரித்துக்கொண்டு நின்றாள்.

"உள்ள வராதே."

"முதலாளி சொன்னது..."

"முதலாளி வந்து இந்தப் பட்டைக்குப் பக்கத்துல நிப்பாரா? உள்ள ஒரு சொட்டு எண்ணெய் வந்துச்சு, இந்த லாந்தரைப் பிடுங்கி உன் வீட்டுக் கூரையில மாட்டிட்டு வந்துடுவேன். சொல்லிட்டேன்."

"கத்தாதே. அந்தக் காதுதான் போச்சு, இதையும் கெடுக்காதே."

"அந்தக் காதை எது கெடுத்துச்சு மேஸ்திரி? என் தொண்டையா?"

ஆட்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். மேஸ்திரி தன் கையிலிருந்த லாந்தரைக் கூடத்துக்கு வெளியே, வாசலிலிருந்து நன்றாகத் தள்ளி, தரையில் வைத்தான். "வேலை முடியற வரைக்கும் பார்ப்பேன்," என்றான். "ஒரு விளக்கு அணைஞ்சாலும் இது உள்ள போகும். அப்புறம் நீ கூரையில மாட்டு, குளத்துல போடு, எனக்குத் தெரியாது."

எந்திரம் ஓட ஆரம்பித்தது. பட்டை சுற்றியது, சல்லடைகள் குலுங்கின, மாவு பனி மாதிரி எழுந்தது. காலையின் கண் கூசுகிற வெள்ளை இல்லை. வெந்தய நிறம்தான், ஆனால் தகடுகள் அதை மொத்தமாக அள்ளிச் சல்லடைமேலேயே கொட்டின. தம்பி குனிந்து ஒரு கண்ணில் சிக்கிய உமியை நகத்தால் எடுத்து, தூக்கி அக்காவிடம் காட்டினான். அவள் கையைக் கட்டிக்கொண்டு, ஒவ்வொரு குடுவையாக, அணைந்தால் அடிப்பேன் என்கிற மாதிரி பார்த்துக்கொண்டு நின்றாள். தம்பி பெண்டாட்டி அவளுக்குப் பக்கத்தில் வந்து நின்றாள். வெடித்த கையைப் பூச்சிக்காரி ஒருமுறை பிடித்துப் பார்த்துவிட்டு, "எண்ணெய் போடு," என்றாள். அப்புறம் தானே திருத்திக்கொண்டாள். "வீட்டுக்குப் போய்ப் போடு."

திரும்ப மாட்டினால் வழக்கமாக அணைகிற நேரம் வந்தது. அணையவில்லை. அந்த நேரம் கடந்தது. இரண்டு பூச்சிகள் தோற்கும், இரண்டு பூச்சிகள் ஆரம்பிக்கும். மூட்டைகள் நிரம்பி, தைக்கப்பட்டு, வெளியே போயின. வேலை முடியும் மணி அடித்தபோது கூடத்தில் ஒரு விளக்குகூட மங்கியிருக்கவில்லை.

மேஸ்திரி ஒவ்வொரு தகடாக நடந்து பார்த்தான். ஒன்றின் அடியில் நின்று அண்ணாந்தான். திரும்பி வந்து லாந்தரைத் தூக்கிக்கொண்டான்.

"என்னதான் பண்ணின?" என்றான். "முதலாளி கேப்பார். நான் சொல்லணும். எனக்குப் புரியற மாதிரி சொல்லு, கத்தாம சொல்லு."

அவள் கத்தாமல்தான் சொன்னாள். ஆனால் விரலை நீட்டிச் சொன்னாள்.

"முதல்ல அந்த லாந்தரையெல்லாம் ஆலையை விட்டு வெளிய கொண்டுபோ. அப்புறம் போய்ச் சொல்லு. தகடு பளபளன்னு இருக்கலாம், நேரா நிக்கக் கூடாது. கீழ் விளிம்பு சுவரை ஒட்டி இருக்கணும், மேல் விளிம்பு ஒரு சாண் முன்னால சாயணும். பூச்சி பார்த்தா அதுக்குத் தரைதான் தெரியணும், அதோட மூஞ்சி தெரியக் கூடாது. அவ்வளவுதான்."